ஓசூர் பட்டறைகளுக்குக் கடற்படை பற்றி ஒரு திறந்த மடல்

ஓசூர், கிருஷ்ணகிரி வட்டாரத்தில் சிறு தொழிற்கூடங்கள் நடத்துவோருக்கும், அவற்றில் லேத், மில்லிங், கிரைண்டிங் இயந்திரங்களின் முன் நாள் முழுக்க நிற்போருக்கும் இதை எழுதுகிறேன்.

2018ஆம் ஆண்டு ஒன்றிய பட்ஜெட்டில் இரண்டு பாதுகாப்புத் தொழில் வழித்தடங்கள் அறிவிக்கப்பட்டன; அவற்றில் ஒன்று தமிழ்நாட்டுக்கு வந்தது. 2019 ஜனவரியில் திருச்சியில் அது தொடங்கிவைக்கப்பட்டது. சென்னை, கோவை, சேலம், திருச்சியோடு ஓசூரும் அதன் ஐந்து மையங்களில் ஒன்று. வழித்தடம் என்றதும் இங்கே பலருக்கு நினைவுக்கு வருவது விமானம்தான். பெங்களூரில் எச்.ஏ.எல். கூப்பிடு தூரத்தில் இருக்கிறது, பெலகொண்டப்பள்ளியில் விமான ஓடுதளமே இருக்கிறது. அதனால் அது இயல்பு. கடற்படையை யாரும் நினைப்பதில்லை. கடல் மட்டத்துக்குச் சுமார் 900 மீட்டர் மேலே, சென்னைக் கடற்கரையிலிருந்து ஏறக்குறைய 300 கிலோமீட்டர் தள்ளியிருக்கும் ஊருக்கும் கப்பலுக்கும் என்ன தொடர்பு என்ற எண்ணமே அதற்குக் காரணம். அந்த எண்ணம் தவறு என்பதை எடுத்துச் சொல்லவே இந்த மடல். துல்லியமாகக் கடையவும் இழைக்கவும் அளக்கவும் தெரிந்த உள்நாட்டுப் பட்டறைகள்தான் நவீனக் கடற்படைகளை உருவாக்கின. இன்றைய கடற்படைகள் பலவற்றுக்கும், நம்முடையதற்கும், முன்மாதிரியாக இருந்த பிரிட்டிஷ் கடற்படையின் வரலாறு இதற்குப் போதுமான சான்று தருகிறது.

முதலில் நிலப்படத்தைப் பார்ப்போம். பிரிட்டனில் கடலிலிருந்து மிகத் தொலைவில் இருக்கும் இடம் டெர்பிஷயரில் உள்ள ஒரு சிற்றூர். அதே டெர்பிஷயரின் டெர்பி நகரில், ரோல்ஸ்-ராய்ஸ் ஆலையில்தான் பிரிட்டிஷ் அணு நீர்மூழ்கிகளுக்கான உலைகள் உருவாகின்றன. 19ஆம் நூற்றாண்டின் இரும்புக் கப்பல்களுக்குக் கவசத் தகடு உருட்டித் தந்த ஷெஃபீல்டு கடலோர ஊர் இல்லை. நீராவி எஞ்சினுக்குப் பேர்போன பர்மிங்காமும் இல்லை. நம் நாட்டுக்கு வந்தாலும் இதே கதைதான். 2022 செப்டம்பர் 2ஆம் தேதி கொச்சியில் கடற்படையில் சேர்க்கப்பட்ட ஐ.என்.எஸ். விக்ராந்துக்கான சிறப்பு எஃகுக்கு வழி கண்டது ஹைதராபாத்தில் உள்ள பாதுகாப்பு உலோகவியல் ஆய்வகம். சுமார் 30,000 டன் எஃகை வார்த்து உருட்டியவை பிலாய், பொகாரோ, ரூர்கேலா ஆலைகள். கப்பலுக்குக் கடைசியில் தண்ணீர் வேண்டும். அதற்கு முன்பு தேவைப்படும் பலவும் நிலத்தின் நடுவிலிருந்தே வந்திருக்கின்றன.

கைக்கடிகாரத்தால் பெயர் பெற்ற ஊர் ஓசூர் என்பதால், கடற்படை வரலாற்றில் கடிகாரம் பெற்ற இடத்தைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். 1707 அக்டோபரில் பிரிட்டிஷ் போர்க்கப்பல்கள் நான்கு, தாங்கள் இருக்கும் இடத்தைத் தவறாகக் கணித்து, சில்லித் தீவுப் பாறைகளில் மோதி மூழ்கின. ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். கடலில் தீர்க்கரேகையைக் கண்டறியும் வழி சொல்பவருக்கு 20,000 பவுண்டு வரை பரிசு என்று 1714இல் நாடாளுமன்றம் சட்டம் இயற்றியது. வானியல் அறிஞர்கள் நட்சத்திரங்களில் விடை தேடிக்கொண்டிருந்தபோது, தச்சர் வீட்டில் பிறந்து தானாகவே கடிகாரத் தொழில் கற்ற ஜான் ஹாரிசன் பல்சக்கரங்களிலும் சுருள்வில்லிலும் தேடினார். அவருடைய நான்காவது கருவி, கையில் அடங்கும் பெரிய கடிகாரம், 1761ஆம் ஆண்டு ஜமைக்காவுக்குப் புறப்பட்ட கப்பலில் ஏற்றப்பட்டது. 81 நாள் பயணத்தில் அது பிந்தியது 5 விநாடி மட்டுமே. ஆனால் ஒரு மேதையின் ஒரு கடிகாரத்தால் கடற்படை ஓடாது. ஆர்னால்டு, எர்ன்ஷா போன்ற கடிகாரத் தயாரிப்பாளர்கள் அமைப்பை எளிமையாக்கி, பட்டறையில் திரும்பத் திரும்பச் செய்யக்கூடியதாக மாற்றிய பிறகுதான் அது கப்பல்தோறும் போய்ச் சேர்ந்தது. 1831இல் புறப்பட்ட பீகிள் கப்பலில் மட்டும் 22 கடிகாரங்கள் இருந்தன. டாடா குழுமமும் மாநில அரசு நிறுவனமான டிட்கோவும் கூட்டாக 1984இல் தொடங்கிய டைட்டன் நிறுவனம் இந்த வட்டாரத்துக்குக் கொடுத்த பெரும் செல்வம், நுண்ணிய பாகத்தைப் பிசகில்லாமல் ஆயிரக்கணக்கில் செய்யும் கை. அதே டிட்கோதான் இன்று பாதுகாப்பு வழித்தடத்தையும் நடத்துகிறது.

அடுத்து, கப்பி. பாய்மரப் போர்க்கப்பல் ஒன்றுக்கு ஏறக்குறைய ஆயிரம் மரக் கப்பிகள் வேண்டும். கடற்படை முழுவதற்கும் ஆண்டுக்கு ஒரு லட்சம். கைவேலையில் ஒன்றைப் போல் இன்னொன்று வராது. போர்ட்ஸ்மவுத் துறையில் 1803இல் தொடங்கிச் சில ஆண்டுகளில் மார்க் இசம்பார்டு புரூனல் வடிவமைத்த 45 இயந்திரங்கள் நிறுவப்பட்டன. அவற்றைச் செய்து தந்தவர் ஹென்றி மாட்ஸ்லே. 110 தேர்ந்த தொழிலாளர் செய்த வேலையைப் பத்துப் பேர் செய்தார்கள். 1808இல் 1,30,000 கப்பிகள் வெளிவந்தன. இயந்திரக் கருவிகளைக் கொண்டு ஒரே அச்சில் பெருவாரியாகப் பொருள் செய்யும் முறைக்கு உலகிலேயே முதல் பெரிய எடுத்துக்காட்டு இது என்று தொழில்நுட்ப வரலாற்றாசிரியர்கள் சொல்கிறார்கள். இன்று சிப்காட் தொழிற்பேட்டையில் நடப்பதற்கெல்லாம் மூத்த பாட்டன் ஒரு கடற்படைப் பட்டறை என்பதை நாம் தெரிந்துவைத்திருக்க வேண்டும். மாட்ஸ்லேயின் பட்டறையில் பழகிய ஜோசப் விட்வொர்த், தட்டையான தளத்தை எப்படி உருவாக்குவது என்று காட்டினார். 1841இல் திருகு மரைக்குப் பொது அளவு ஒன்றை முன்வைத்தார். உங்கள் மூத்த ஃபிட்டர்களின் வாயில் இன்றும் விட்வொர்த் மரை என்ற பெயர் புழங்குகிறது.

அந்த மரையின் பயன் போரில் தெரிந்தது. இந்தப் பகுதியை நீங்கள் குறிப்பாகக் கவனிக்க வேண்டும், ஏனென்றால் இது சிறு பட்டறைகளின் கதை. கிரிமியப் போரின்போது, 1855இல், பால்டிக் கடலுக்குப் போக நூற்றுக்கு மேற்பட்ட சிறு பீரங்கிப் படகுகள் பிரிட்டனுக்கு அவசரமாகத் தேவைப்பட்டன. ஒவ்வொன்றுக்கும் 60 குதிரைத்திறன் எஞ்சின் வேண்டும். எந்த ஒரு ஆலையாலும் அத்தனை எஞ்சின்களைக் குறித்த காலத்தில் தனியாகச் செய்ய முடியாது. ஜான் பென் என்ற எஞ்சின் தயாரிப்பாளர், மாதிரி எஞ்சினைப் பாகம் பாகமாகக் கழற்றி, நாடெங்கும் இருந்த நல்ல பட்டறைகளுக்கு அனுப்பினார். ஒவ்வொரு பட்டறையும் தனக்கு வந்த பாகத்தை மட்டும் அதே அளவில் செய்து கொடுத்தது. வெவ்வேறு ஊர்களிலிருந்து வந்த பாகங்கள் ஓரிடத்தில் கோக்கப்பட்டன. 90 நாளில் 90 எஞ்சின்கள் தயாராயின என்று அன்றைய பதிவுகளை ஒட்டிச் சொல்லப்படுகிறது. பொதுவான மரையும் பொதுவான கேஜும் இல்லாவிட்டால் அது குவியலான இரும்பாகவே கிடந்திருக்கும். பின்கதை இன்னும் முக்கியம். உலராத பச்சை மரத்தில் அவசரமாகக் கட்டப்பட்ட அந்தப் படகுகள் போர் முடிந்து சில ஆண்டுகளில் உளுத்துப்போயின. எஞ்சின்கள் உளுக்கவில்லை. அவற்றில் பலவற்றைக் கழற்றிப் பின்னாளில் கட்டிய வேறு கப்பல்களில் பொருத்தினார்கள். அவசரத்தில் அளவைக் கைவிடாத பட்டறைகளின் வேலை மட்டும் மிஞ்சியது.

அளவு சரியாக இருந்தால் போதுமா என்றால் போதாது. பொருள் எது என்பதும் தெரிய வேண்டும். 1761இல் அலார்ம் என்ற போர்க்கப்பலின் அடிப்பகுதிக்குச் செப்புத் தகடு போர்த்தினார்கள். புழுவும் பாசியும் அண்டாமல் கப்பல் வேகமாக ஓடியது. இரண்டு ஆண்டுகளில் பார்த்தால், தகட்டைப் பிடித்திருந்த இரும்பு ஆணிகள் பல இடங்களில் பசைபோல் கரைந்திருந்தன. உப்புநீரில் செம்பும் இரும்பும் தொட்டால் இரும்பு தின்னப்படும் என்ற உண்மையை ஒரு வல்லரசு ஆணியிலிருந்து கற்றது. சில ஆணிகளுக்கும் தகட்டுக்கும் இடையே பொட்டலக் காகிதம் சிக்கியிருந்தது. அங்கே மட்டும் ஆணி பிழைத்திருந்தது. அப்படியும் இந்தச் சிக்கல் தீர இருபது ஆண்டுக்கு மேல் ஆனது. 1780களில் குளிர்நிலையில் உருட்டி இறுக்கிய செப்புக் கலவை போல்ட்டு வந்த பிறகுதான் முழுக் கடற்படையும் நிம்மதியாகச் செப்பணிந்தது. போல்ட்டு, வாஷர், புஷ், வால்வு உடல் என்று செய்துகொண்டிருக்கும் உங்களுக்கு இதன் பொருளை நான் விளக்கத் தேவையில்லை. எந்த உருக்கிலிருந்து, எந்தப் பேட்ச்சில், எந்த ஹீட் டிரீட்மென்ட்டில் இந்தப் பாகம் வந்தது என்ற காகிதம் பாகத்தோடு போக வேண்டும் என்று கடற்படை பிடிவாதம் பிடிப்பதற்குப் பின்னால் இப்படிப்பட்ட 250 ஆண்டு அனுபவம் இருக்கிறது.

சோதனை பற்றியும் ஒரு கசப்பான பாடம் உண்டு. 1916 மே 31இல் தொடங்கிய ஜட்லாண்டுப் போரில் பிரிட்டன் 14 கப்பல்களையும் 6,000க்கு மேற்பட்ட வீரர்களையும் இழந்தது. ஜெர்மனி இழந்தது 11 கப்பல்கள், சுமார் 2,550 பேர். பிரிட்டிஷ் கவசத் துளைப்புக் குண்டுகள் சாய்வாகப் பட்டபோது உள்ளே நுழையாமல் தகட்டின் மேலேயே உடைந்தன. ஆலைச் சோதனையில் அவை தேறியவைதான். ஆனால் அங்கே தகட்டை நேருக்கு நேர் வைத்துச் சுட்டார்கள். கடலில் நெடுந்தொலைவிலிருந்து வரும் குண்டு சாய்வாகத்தான் விழும். 1910 வாக்கிலேயே கடற்படை உயரதிகாரி ஜெல்லிகோ சாய்வுச் சோதனை வேண்டும் என்று கேட்டார்; அவர் பதவி மாறிப் போனதும் அதைத் தொடர ஆளில்லை. போர் நடந்த பிறகு குண்டின் வடிவமைப்பை மாற்றினார்கள். சோதனை, பயன்படும் சூழலைப் போல இருக்க வேண்டும். பல நூறு மணி நேர சால்ட் ஸ்ப்ரே டெஸ்ட்டைத் தாண்டிய பிளேட்டிங் வேலையை இரு சக்கர வாகன நிறுவனங்களுக்குக் கொடுத்துப் பழகிய ஓசூருக்கு, இந்த ஒழுக்கம் புதிதும் இல்லை.

இனி நம் பக்கம். பிரிட்டிஷ் தொழில் வளர்ச்சியில் இந்த மண்ணுக்கும் ஒரு பங்கு இருந்தது. கிழக்கிந்தியக் கும்பினி ஊழியராக இருந்த ஜோசையா மார்ஷல் ஹீத், 1830ஐ ஒட்டிப் பரங்கிப்பேட்டையில் இரும்பு ஆலை அமைத்தார். தாது வந்தது சேலத்து மலைகளிலிருந்து. ஓசூரும் கிருஷ்ணகிரியும் அன்று சேலம் மாவட்டத்தில்தான் இருந்தன. வார்ப்பிரும்பு கப்பலேறி இங்கிலாந்துக்குப் போனது. உருக்கில் மாங்கனீசு சேர்க்கும் ஹீத்தின் முறையால் பணம் பார்த்தவர்கள் ஷெஃபீல்டுக்காரர்கள். கரிக்குக் காடு போதாமல், உள்ளூரில் வாங்குவோரும் இல்லாமல் இங்கே ஆலை படுத்தது. தாதும் உழைப்பும் நம்முடையவை. அளவும் சோதனையும் வடிவமைப்பும் வேறிடத்தில் இருந்தன. அதனால் லாபமும் அங்கேயே போனது. இன்றும் டிராயிங்கை வாங்கி ஜாப் ஒர்க் மட்டும் செய்து கொடுக்கும் பட்டறையின் நிலை இதிலிருந்து வெகுதூரம் விலகியதில்லை என்பதே என் கவலை.

விடுதலைக்குப் பிறகு நம் கடற்படை படிப்படியாக நடந்தது. 1961இல் சேர்ந்த முதல் விக்ராந்த், பிரிட்டன் பாதியில் நிறுத்திவைத்த ஹெர்குலிஸ். பெல்ஃபாஸ்டில் முடித்து வாங்கினோம். 1972இல் சேர்ந்த ஐ.என்.எஸ். நீலகிரி பிரிட்டிஷ் லியாண்டர் வகை வடிவம், ஆனால் பம்பாய் மசகான் துறையில் கட்டியது. 2022இன் விக்ராந்த் நம் வடிவம், நம் கட்டுமானம். அதில் 76 சதவீதம் உள்நாட்டுப் பொருள், நூற்றுக்கு மேற்பட்ட சிறு, நடுத்தரத் தொழிற்கூடங்களின் பங்களிப்பு என்று அரசு சொன்னது. 2025 ஜூனில் சேர்ந்த ஐ.என்.எஸ். அர்னாலா, சென்னைக்கு வடக்கே காட்டுப்பள்ளியில் எல் அண்டு டி துறையில் உருவானது. அதில் 80 சதவீதத்துக்கு மேல் உள்நாட்டுப் பொருள், 55க்கு மேற்பட்ட சிறு தொழிற்கூடங்கள். காட்டுப்பள்ளிக்கும் ஓசூருக்கும் இடையே ஒரே மாநிலத்து நெடுஞ்சாலைதான். வெளியிலிருந்து இன்னும் வரும் மிச்சப் பங்கில் பம்பு, வால்வு, சீல், கப்ளிங், ஆக்சுவேட்டர் போன்றவை உண்டு. இறக்குமதியாகும் உருப்படிகளைப் பாதுகாப்பு அமைச்சகம் 2020 முதல் ஸ்ரீஜன் இணையதளத்தில் வரிசையாக வெளியிட்டு, யார் செய்து தருவீர்கள் என்று கேட்டுக்கொண்டிருக்கிறது.

நீங்கள் என்ன மறுப்பு சொல்வீர்கள் என்பதை அறிவேன், அது நியாயமான மறுப்பும்கூட. வாகன நிறுவனம் மாதம் ஐம்பதாயிரம் பாகம் கேட்கும். கடற்படை ஆண்டுக்கு நாற்பது கேட்கும். ஒப்புதலுக்கே இரண்டு மூன்று ஆண்டு ஓடும். பணம் எப்போது வரும் என்று வங்கிக்குப் பதில் சொல்ல முடியாது. 45 நாளுக்குள் பணம் தர வேண்டும் என்று 2006ஆம் ஆண்டுச் சிறுதொழில் சட்டம் சொன்னாலும், ஆர்டர் தருபவரை எதிர்த்து வழக்காட எந்தச் சிறு பட்டறைக்குத் துணிவு வரும்? இதற்கெல்லாம் தனிப் பட்டறை விடை காண முடியாது என்பதை ஒப்புக்கொள்கிறேன். அதனால்தான் ஜான் பென்னின் கதையை இவ்வளவு நீட்டிச் சொன்னேன். அங்கும் எந்தப் பட்டறையும் தனியாக எஞ்சின் செய்யவில்லை. இன்னொரு பக்கத்தையும் பாருங்கள். பெரிய எண்ணிக்கை என்ற பாதுகாப்பு இனி எத்தனை நாள்? டி.வி.எஸ். ஐக்யூப் ஓசூரில் தயாராகிறது, ஏத்தர் ஓசூரில், ஓலா போச்சம்பள்ளியில். மின்சார ஸ்கூட்டரில் பிஸ்டன் இல்லை, கேம்ஷாஃப்ட் இல்லை, கிளட்ச் இல்லை. எஞ்சின் பாகத்தையே நம்பியிருக்கும் பட்டறைக்கு மாற்று வேலை தேடும் காலம் வந்துவிட்டது. குறைந்த எண்ணிக்கை, அதிக மதிப்பு, கடும் சோதனை என்ற வகை வேலைதான் அந்த மாற்று. கடற்படை அதில் ஒரு வாசல்.

ஒரு வாசல் மட்டுமே என்பதையும் அழுத்திச் சொல்கிறேன். டைன் ஆற்றங்கரையில் ஜாரோ என்ற ஊர் பாமர் கப்பல் துறையை மட்டும் நம்பி வாழ்ந்தது. 1922 வாஷிங்டன் உடன்படிக்கை போர்க்கப்பல் கட்டுவதைச் சுருக்கியது; பின்பு பெரும் பொருளாதார மந்தம் வந்தது; 1930களின் முற்பகுதியில் துறை மூடப்பட்டது. 1936இல் அந்த ஊர்த் தொழிலாளர் சுமார் 200 பேர் வேலை கேட்டு லண்டனுக்கு நடந்தே போனார்கள். ஆகவே மொத்த வேலையில் கடற்படைப் பங்கு ஐந்தில் ஒன்றைத் தாண்ட விடாதீர்கள் என்பது என் யோசனை. அந்த வேலைக்காகக் கட்டும் அளவுக்கூடமும் பழகும் கையும் மருத்துவக் கருவிக்கும், ரயிலுக்கும், விமானத்துக்கும் அப்படியே பயன்படும்.

இன்னும் ஆழமான மறுப்பு ஒன்று உண்டு. பிரிட்டிஷ் கடற்படை நம்மை அடக்கிய கருவி. அதைப் பாடமாக வைப்பது தகுமா? 1792 ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையில் கிருஷ்ணகிரி உள்ளிட்ட பாரமகால் நிலமே கும்பினியின் கைக்குப் போனது; கடல்வழி வரவு இல்லாமல் கும்பினிப் படை இங்கே நின்றிருக்காது. 1906இல் தூத்துக்குடியில் வ.உ.சி. தொடங்கிய சுதேசி நாவாய்ச் சங்கத்தை நசுக்கியதும் அதே ஆட்சி. இவற்றை மறக்கச் சொல்லவில்லை. மறக்காமல் இருப்பதாலேயே சொல்கிறேன்: சொந்தக் கப்பலும் அதைப் பழுதுபார்க்கும் பட்டறையும் இல்லாத நாடு கடலில் பிறர் தயவில் வாழும். வ.உ.சி. அதைத் தெரிந்துதான் கப்பல் வாங்கினார். நம் கடற்படையின் வேலை போர் மட்டும் இல்லை. 2004 ஆழிப்பேரலையில் இலங்கைக்கும் மாலத்தீவுக்கும் உதவியோடு போனவை நம் கப்பல்கள். 2015இல் ஏமனிலிருந்து ஆயிரக்கணக்கானோரை மீட்டு வந்தவையும் அவையே. ஆயுதத் தொழிலே வேண்டாம் என்று மனச்சான்றின்படி ஒதுங்குவோரை நான் மதிக்கிறேன். அவர்களுக்கும் பம்பும் வால்வும் குளிரூட்டியும் செய்ய இடம் இருக்கிறது.

ஆகவே உங்களிடம் நான் கேட்பவை சில. ஓசூர் சிறு, குறுந்தொழில் சங்கமான ஹோஸ்டியா போன்ற உங்கள் அமைப்புகளின் வழியாக, பத்துப் பதினைந்து பட்டறைகள் சேர்ந்து ஒரு கூட்டமைப்பைப் பதிவு செய்யுங்கள். கோவையில் கொடிசியா பாதுகாப்புத் துறைக்கென ஒரு புத்தாக்க மையத்தையே அமைத்துக்கொண்டது. அதைப் போய்ப் பாருங்கள். ஸ்ரீஜன் பட்டியலிலிருந்து உங்கள் இயந்திரங்களுக்கு ஏற்ற ஒரே ஒரு தொகுப்பை, உதாரணமாக ஒரு கடல்நீர் வால்வைத் தேர்ந்தெடுத்து, பாகம் பாகமாகப் பிரித்துக்கொள்ளுங்கள். எல்லாருக்கும் பொதுவான அளவுக்கூடமும் பொருள் சோதனைக்கூடமும் இந்த வட்டாரத்தில் வேண்டும் என்று டிட்கோவிடம் எழுத்தில் கேளுங்கள். பாதுகாப்புச் சோதனைக் கட்டமைப்புக்காக 2020இல் ஒன்றிய அரசு வகுத்த திட்டம் 75 சதவீதம் வரை மானியம் என்ற அடிப்படையில் அமைந்தது. அத்தகைய உதவி ஓசூர் மையத்துக்கும் வர வேண்டும் என்று கேட்க உங்களுக்கு உரிமை உண்டு. ஐ.டி.ஐ., பாலிடெக்னிக் மாணவருக்கு மெட்ராலஜியைத் தேர்வுத்தாளோடு நிறுத்தாமல் உங்கள் கூடத்தில் கற்றுக் கொடுங்கள். பெரிய நிறுவனங்கள் வழி காட்டட்டும் என்று காத்திருக்க வேண்டாம். அடுத்த சங்கக் கூட்டத்தின் நிகழ்ச்சி நிரலில் இதை ஒரு பொருளாகச் சேர்த்து, யார் யார் வருகிறார்கள் என்று பெயர் எழுதத் தொடங்குங்கள்.